காலரா என்று எழுதினேன்

கோலாலம்பூரின் பிரிக்ஃபீல்ட்ஸில் ஒரு கடைவீட்டின் மாடியில் அந்த ஆவணப்படத்தை முதன்முதலாகத் திரையிட்ட இரவில், படம் முடிந்து எல்லாரும் மீஹூன் தட்டோடு நின்றிருந்த வேளையில், படத்தில் பேசியிருந்த பெரியவர்களில் ஒருவர் பேத்தியின் தோளைப் பிடித்தபடி என்னிடம் வந்து, “மலாய் எழுத்துப் போட்டது நீதானாம்மா?” என்று கேட்டார். பாராட்டப் போகிறார் என்று நினைத்துத் தலையாட்டினேன். “மத்ததெல்லாம் சரியாத்தான் இருக்கு. ஆனா நான் எப்பம்மா கொலேரான்னு சொன்னேன்?” என்றார். குரலில் கோபம் சற்றும் இல்லை. கடைக்காரர் சில்லறை குறைத்துக் கொடுத்ததைச் சொல்வதுபோலச் சொல்லிவிட்டு, தேநீர் எங்கே வைத்திருக்கிறார்கள் என்று விசாரித்துக்கொண்டு நகர்ந்துவிட்டார். மூன்று ஆண்டுகள் ஆகின்றன. அவர் மறந்திருக்கக்கூடும், எனக்குத்தான் அந்தக் கேள்வி இன்னும் அடங்கவில்லை.

நான் சப்டைட்டில் எழுதிப் பிழைப்பவள். அதற்கு முன் பல ஆண்டுகள் ஒரு தமிழ் நாளிதழில் பிழை திருத்தினேன். மலேசிய ரயில்வேயின் பழைய நாள்களைப் படமாக்கிக்கொண்டிருந்த இளைஞர் ஒருவர், தமிழில் பதிவான 41 மணி நேர உரையாடலை எழுத்தாக்கி, தேர்ந்தெடுத்த பகுதிகளுக்கு மலாய் வரிகள் போட்டுத் தர வேண்டுமென்று கேட்டபோது, நிமிடத்துக்கு இத்தனை வெள்ளி (ரிங்கிட்) என்று பேசி ஒப்புக்கொண்டேன். அவரும் தமிழர்தான், ஆனால் வீட்டுத் தமிழைத் தாண்டிப் பேசினால் திணறுவார். அதை மறைக்காமல், “அக்கா, அவங்க சொல்றது எனக்குப் பாதிதான் புரியுது, மீதியை நீங்கதான் காப்பாத்தணும்” என்று முதல் நாளே சொல்லிவிட்டார். மீதியை நான் காப்பாற்றிய அழகைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அவர் இந்த வேலையில் இறங்கிய கதை எளிது. 2011 ஜூன் 30 இரவு, சிங்கப்பூரின் தஞ்சோங் பகார் நிலையத்திலிருந்து புறப்பட்ட கடைசி ரயிலை ஜொகூர் சுல்தானே ஓட்டிச் சென்றதைக் காண, தோளில் கேமராவோடு கூட்டத்தில் நின்றிருக்கிறார். எல்லாரும் ரயிலைப் படமெடுத்தார்களாம். பிளாட்பாரத்தின் ஓரத்தில் அழுதுகொண்டிருந்த ஒரு ஓய்வுபெற்ற ஊழியரை யாரும் எடுக்கவில்லையாம். அன்றிலிருந்து எடுத்துக்கொண்டே இருக்கிறார். மின்மயமாக்கப்பட்ட இரட்டைப் பாதை ரவாங்கிலிருந்து ஈப்போ வரை 2008-இலும், அங்கிருந்து பாடாங் பெசார் வரை 2014-இலும் முடிந்தபோது, வழியில் இருந்த மரத்தாலான சிறு நிலையங்கள் பல காணாமற்போயின, தண்டவாளத்தைத் தாங்கிய மரக்கட்டைகள் கான்கிரீட்டாயின, பற்றவைத்து நீட்டிய தண்டவாளங்களில் அந்தப் பழைய ‘டடக் டடக்’ ஓசையும் போய்விட்டது. ஒன்றிரண்டு நிலையங்களை மட்டும் காட்சிப் பொருளாக விட்டுவைத்திருக்கிறார்கள்.

இங்கே ஒரு சின்ன விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். நம் நாட்டில் ரயில்வே பாரம்பரியம் என்று பேச்செடுத்தால் அது கட்டடத்தில் தொடங்கிக் கட்டடத்திலேயே முடிந்துவிடுகிறது. ஆர்தர் பெனிசன் ஹப்பக் வரைந்து 1910-இல் எழுந்த கோலாலம்பூர் நிலையத்தின் மினார்களும், எதிரே 1917-இல் முடிந்த தலைமையகமும், பெருநிலத்து ரயில் எட்டாத தீவில் ரயில்வேக்காகக் கட்டப்பட்ட பினாங்கின் மணிக்கூண்டுக் கட்டடமும் அழகுதான், மறுக்கவில்லை. 2001-இல் வெளியூர் ரயில்கள் கேஎல் சென்ட்ரலுக்கு மாறிய பின்னரும் பழைய நிலையத்தின் படிகளில் கல்யாண ஜோடிகள் படமெடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் 1905-இல் ரயில்வே ஊழியர்களுக்காகக் கட்டிய பிரிக்ஃபீல்ட்ஸ் ‘நூறு குவார்ட்டர்ஸ்’ வீடுகளை இடித்தபோது, மினார்களுக்காக உருகிய பலரிடமிருந்து ஒரு மூச்சும் வரவில்லை. இளைஞருக்கும் இதே ஆதங்கம் இருந்ததால்தான் நாங்கள் ஒத்துப்போனோம். அவருடைய படத்தில் கட்டடங்கள் ஐந்து நிமிடத்துக்கு மேல் வருவதில்லை. மீதி முழுவதும் மனிதர்கள்தாம். மனிதர்களைக் கேமராவின் முன் உட்காரவைத்துவிட்டால் போதும், கட்டடக்காரர்கள் செய்த தவற்றை நாம் செய்யமாட்டோம் என்று இருவருமே நம்பிக்கொண்டிருந்தோம்.

நாற்பத்தோரு மணி நேரம்

அந்த 41 மணி நேரத்தில் எல்லா வகையினரும் இருந்தார்கள். யாழ்ப்பாணத்துக் குடும்பத்தில் மூன்றாம் தலைமுறையாக நிலைய அதிகாரியாயிருந்தவர், எந்த ரயில் எந்த நிலையத்தில் எதற்கு வழிவிட வேண்டும் என்பதை இன்றைக்கும் மனப்பாடமாகச் சொன்னார். செந்தூல் ஒர்க்‌ஷாப்பில் கொதிகலன் பழுதுபார்த்தவருக்குக் காது கேட்காததால் ஒவ்வொரு கேள்வியையும் இரண்டு முறை கத்த வேண்டியிருந்தது. கைகாட்டி மரத்தின் விளக்குக்கு எண்ணெய் ஊற்ற ஏறி விழுந்து இடுப்பொடிந்தவர், விழுந்த கதையைச் சிரிக்கச் சிரிக்கச் சொன்னார். நான் செந்தூலில் வளர்ந்தவள். ஒர்க்‌ஷாப்பின் சங்கை வைத்துத்தான் என் பாட்டி உலை வைப்பார். எனவே இந்தக் குரல்களில் எனக்கு அந்நியம் எதுவும் இல்லை என்ற திமிர் இருந்தது. அந்தத் திமிரைப் பின்னால் நினைத்துப் பார்த்துக் கூசியிருக்கிறேன்.

திரையிட்ட இரவில் என்னிடம் கேட்ட அந்தப் பெரியவர் 1956-இல், 18 வயதில், ரவாங்குக்கு வடக்கே ஒரு கேங்கில், அதாவது பாதையைப் பராமரிக்கும் குழுவில், தினக்கூலியாகச் சேர்ந்தவர். செந்தூலில் அவர் வீட்டுக்குப் பின்னால், பத்துமலைக்குப் போகும் கொமுட்டர் (புறநகர் ரயில்) பாதை ஓடுகிறது. பேட்டி எடுத்த இடம் அந்த வீட்டின் முன்கூடம். ரயில் கடக்கும்போதெல்லாம் ஒலிப்பதிவு கெடும் என்று இளைஞர் கையைக் காட்டி நிறுத்தச் சொல்வார். பெரியவர் அதைப் பொருட்படுத்தாமல் பேசிக்கொண்டே போவார். 30 ஆண்டுகளுக்கும் மேல் ரயில் ஓசைக்கு நடுவே பேசிப் பழகிய தொண்டை அது.

அவர் பேசியதில் பெரும்பகுதி வேலையைப் பற்றியதுதான். கட்டைக்கு அடியில் ஜல்லியை எப்படிக் குத்தித் திணிப்பது. மழைக்குப் பிறகு எந்த இடத்தில் பாதை அமுங்கும் என்பதை நடக்கும்போதே பாதத்தால் அறிவது. இரண்டு தண்டவாளங்கள் சேருமிடத்தில் வெயிலுக்கு இடம்விட வேண்டிய இடைவெளி எவ்வளவு. தண்டவாளத்தை இறுக்கும் சாவியை அடிக்கும்போது சம்மட்டியின் ஓசை மாறினால் கட்டை உளுத்துவிட்டது என்று அர்த்தம். வளைவு வந்தால் பாதையின் அகலத்தை ஒரு நூலளவு தளர்த்த வேண்டும், இல்லாவிட்டால் சக்கரத்தின் விளிம்பு தண்டவாளத்தைத் தின்றுவிடும் என்பதை மட்டும் கால் மணி நேரம் விளக்கினார். ‘நேர்ல இறுக்கம், வளைவுல இரக்கம்’ என்று அவருடைய கங்காணி சொல்வாராம். அகலம் என்பது எங்கிருந்து எங்கே என்று இளைஞர் கேட்டதற்கு, உள்முகத்திலிருந்து உள்முகம் என்றார். உண்மையைச் சொன்னால், இந்தப் பகுதிகளை எழுத்தாக்கும்போது எனக்குக் கொட்டாவி வந்தது. ‘வளைவு, சுமார் 15 நிமிடம், தொழில்நுட்பம்’ என்று குறித்துவிட்டு நகர்ந்தேன். இளைஞரும் அதில் ஒரு விநாடியைக்கூட எடுக்கவில்லை.

எங்கள் இருவரையும் நிமிர்ந்து உட்காரவைத்தது அவருடைய தந்தையின் கதைதான். தந்தை, கோல லிப்பிஸ் பக்கம் கேங்கில் இருந்தவர். கெமாஸிலிருந்து தும்பாட் வரை செல்லும் அந்தக் கிழக்குக் கரைப் பாதை 1931-இல்தான் முழுதாக இணைந்திருந்தது. பத்தாண்டு கழித்து ஜப்பானியர் வந்து, சயாம் பாதைக்கு இரும்பு வேண்டுமென்று அதன் நடுப்பகுதியைப் பெயர்த்தெடுத்தார்கள். தான் ஜல்லி குத்திய பாதையைத் தன் கையாலேயே பிடுங்க வேண்டியிருந்தது என்று தந்தை சொல்வாராம். “தண்டவாளத்தையும் ரயில்ல ஏத்தினான், பிடுங்கினவங்களையும் ரயில்ல ஏத்தினான்” என்றார் பெரியவர். இந்த வரி படத்தில் அப்படியே இருக்கிறது. அதற்கு அடுத்து வந்த வரியில்தான் நான் கவிழ்ந்தேன்.

சயாம் மரண ரயில் பற்றி நம்மவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. ஜப்பானியர் தாய்லாந்திலிருந்து பர்மாவுக்குப் போட்ட, 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் இணைந்த 415 கிலோமீட்டர் பாதை. மாண்ட போர்க்கைதிகள் 12,000-க்கும் மேல். அவர்களுக்குக் காஞ்சனபுரியில் பெயர் பொறித்த கல்லறைகள் வரிசையாக உண்டு. அவர்களைவிடப் பல மடங்கு மாண்ட ஆசியத் தொழிலாளர்களுக்கு, அவர்களில் பெருந்தொகையாக இருந்த மலாயாத் தமிழர்களுக்கு, அப்படி எதுவும் இல்லை. 1943-இன் மழைக்காலத்தில் முகாம்களில் காலரா பரவி மனிதர்கள் கொத்துக் கொத்தாகச் செத்தது, நான் சிறுமியாயிருந்தபோதே பெரியவர்கள் தணிந்த குரலில் சொல்லக் கேட்ட கதை. ஆக, ‘சயாம்’ என்ற சொல் காதில் விழுந்த நொடியில், அடுத்து என்ன வரப்போகிறது என்பது எனக்குத் தெரிந்திருந்தது. கேட்பதற்கு முன்பே தெரிந்திருந்தது.

பதிவில் அந்த நொடியில் பின்னால் ரயில் ஒன்று கடக்கிறது. பெரியவர் பேச்சை நிறுத்தவில்லை. “அப்பா சொல்வாரு, அங்கேயும்…” என்பது கேட்கிறது. ரயில் ஓசை மூடிக்கொள்கிறது. ஓசை விலகும்போது “…காலராக் கால…ந்தான்” என்று முடிகிறது. நான் தயங்கவே இல்லை. ‘அங்கேயும் காலராக் காலம்தான்’ என்று எழுதினேன். மலாயில் இன்னும் ஒரு படி மேலே போய், ‘அங்கும் கொலேரா எங்களைத் தொடர்ந்தது’ என்ற பொருள்பட, கொஞ்சம் கவித்துவமாகவே போட்டேன். இளைஞர் அந்த வரியில் பெரியவரின் முகத்தை நெருக்கத்தில் நிறுத்தி, இசையை அடக்கி, நான்கு விநாடி மௌனம் வைத்தார். திரையிட்ட இரவில் அந்த இடத்தில் என் பக்கத்து நாற்காலிப் பெண் மூக்கை உறிஞ்சியது எனக்குக் கேட்டது. எனக்குப் பெருமையாக இருந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன்.

பதினோராவது முறை

திரையிட்ட இரவே வீட்டுக்கு வந்து, பதிவைத் திறந்து, காதில் ஒலிப்பானை மாட்டிக்கொண்டு அந்தப் பத்து விநாடியைத் திரும்பத் திரும்பக் கேட்டேன். முதல் சில முறை ‘காலரா’தான் கேட்டது. ஒருமுறை ஒன்று மனத்தில் பதிந்துவிட்டால் காது அதற்குச் சாட்சி சொல்லத் தொடங்கிவிடுகிறது. ரயில் ஓசையைக் குறைத்தும், குரலை உயர்த்தியும் பார்த்தேன். எண்ணிக்கொண்டிருந்ததால் சொல்கிறேன், பதினோராவது முறை கேட்கும்போது திரையையும் பார்த்தேன். முகம் மட்டுமே சட்டகத்தில் இருக்கிறது. துக்கம் வருமென்று கேமரா முகத்தை நோக்கி நெருங்கியிருந்தது. ஆனால் சட்டகத்தின் கீழ் விளிம்பில் அவருடைய இரண்டு தோள்களும் விரிகின்றன. கைகள் வெளியே இருக்கின்றன, தெரியவில்லை. அழப்போகிறவர் தோளை விரிப்பதில்லை. அவர் எதையோ அளந்து காட்டிக்கொண்டிருந்தார்.

அளவு என்று தோன்றியதும் ஒலி தானாகப் பிரிந்தது. “அங்கேயும் மூணடி மூணே காலரைக்கால்தான்.”

பின்னக் கணக்குத் தெரிந்தவர்கள் இந்நேரம் கண்டுபிடித்திருப்பீர்கள். கால் என்றால் 1/4. அரைக்கால் என்றால் 1/8. காலே அரைக்கால், இரண்டும் சேர்ந்து 3/8. மூன்றடி மூன்றேகாலே அரைக்கால் அங்குலம், அதாவது 3 அடி 3⅜ அங்குலம். ஒரு மீட்டர். தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்டுக்கு 1885 ஜூன் 1 அன்று ஓடிய எட்டு மைல் பாதையிலிருந்து இன்றைய மின்ரயில் வரை இந்த நாட்டு நெடுந்தூர ரயிலின் அகலம் அதுதான். சயாமிலும் அதுதான். ஆகவேதான் இங்கே பிடுங்கிய தண்டவாளமும், இங்கே ஓடிய எஞ்சின்களும் பெட்டிகளும் அங்கே பொருந்தின. இங்கே பழகிய கைகளும் பொருந்தின. தன்னை எங்கோ பெயர் தெரியாத காட்டில் இறக்கிவிட்டபோது, கங்காணி அளவுக்கோலை நீட்டியதும், இதே அகலம்தான் என்று அந்தத் தந்தை கண்டுகொண்டிருக்கிறார். அதைத்தான் மகனிடம் சொல்லியிருக்கிறார். செத்தவர்களைப் பற்றியும் சொல்லியிருப்பார்தான். ஆனால் அந்த வாக்கியத்தில் சொல்லவில்லை.

எனக்கு இதில் இன்றும் வியப்பாக இருப்பது வேறொன்று. ‘முக்காலே மூணுவீசம்’ என்று நான் தினமும் பேசுகிறேன். ஆனால் அது ஒரு கணக்கு என்பதே எனக்கு மறந்திருந்தது. என் பள்ளியில் அந்த வாய்ப்பாடு இல்லை. இங்கிலீஷ்காரப் பொறியாளர் ஒருவர் அளவைத் தன் மொழியில் சொல்ல, அதை எவரோ ஒரு கங்காணியோ மேஸ்திரியோ, இரும்புக்கோலில் உள்ள கோடுகளை எண்ணிப் பார்த்து, கால் என்றும் அரைக்கால் என்றும் நம் வாய்ப்பாட்டில் ஏற்றியிருக்க வேண்டும். அது வாய்வழியாகத் தகப்பனுக்கும் மகனுக்கும் வந்திருக்கிறது. எனக்கு முன்னால் இந்தப் பாதையில் வேலை பார்த்த மொழிபெயர்ப்பாளர் அவர். கூலிக்கு என்ன வாங்கினாரோ தெரியாது, அரைக்காலைக்கூடச் சிந்தவிடவில்லை.

மறுநாள் இளைஞரை அழைத்துச் சொன்னேன். வெகுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அக்கா, அந்த இடத்துலதான் எல்லாரும் அழுதாங்க” என்றார். “அவர் அழவைக்கல தம்பி, நான் அழவெச்சேன்” என்றேன். “சயாம்ல காலரா வந்தது உண்மைதானே?” என்று கேட்டார். உண்மைதான், அந்தக் கேள்வியை அற்பமென்று நான் ஒதுக்கவில்லை, ஏனென்றால் இரவெல்லாம் நானும் அதையே எனக்குச் சமாதானமாகச் சொல்லிப் பார்த்திருந்தேன். ஊரறிந்த ஓர் உண்மையை, அதைச் சொல்லாத ஒருவர் வாயில் வைத்தால் என்ன குறைந்துவிடும்? படம் பார்க்கிறவருக்கு ஒன்றும் குறையாது. ஆனால் அந்தப் பெரியவர் 80 ஆண்டு சுமந்துகொண்டு வந்து எங்கள் கேமராவின் முன் இறக்கிவைத்தது அந்த அளவைத்தான். அதை எடுத்துக்கொள்ளாமல், எங்களிடம் ஏற்கெனவே இருந்ததை அவர் கையில் திணித்து, அவரே தந்ததாகப் படமும் எடுத்துக்கொண்டோம். மினார்களைப் படமெடுத்துவிட்டுப் போகிறவர்களாவது மினார் பேசியதாகச் சொல்வதில்லை.

இதை நான் தொலைபேசியில் இவ்வளவு கோவையாகச் சொல்லவில்லை. கத்தினேன் என்றுதான் நினைவு. அவர் கோபித்துக்கொள்ளவில்லை. மாற்றிவிடலாம் என்றார். மாற்றுவது பேச்சளவுக்கு எளிதாக இல்லை. முதலில் ‘சத்து மீட்டர்’ (ஒரு மீட்டர்) என்று மலாயில் சுருக்கமாகப் போடலாம் என்றார். பொருள் சரி, நீளமும் சரி. ஆனால் மீட்டர் என்று சொன்னால் அது யாருடைய வாயிலும் இருக்கக்கூடிய சொல். ‘தீகா காக்கி, தீகா தீகா பெர் லாப்பான் இஞ்சி’ என்று முழு அளவையும் எழுதினால், பார்க்கிறவர் படித்து முடிப்பதற்குள் காட்சி தாண்டிவிடும். இரண்டு நாள் இதிலேயே போயிற்று. கடைசியில் அவர்தான் ஒரு வேலை செய்தார். இசையையும் வைத்திருந்த மௌனத்தையும் எடுத்துவிட்டு, முகத்தின் காட்சியை மேலும் இரண்டு விநாடி நீட்டி, தோள்கள் முழுதாக விரிந்து மறுபடி இறங்கும்வரை விட்டார். இப்போது அந்த இடத்தில் யாரும் அழுவதில்லை. சிலர் சிரிக்கிறார்கள், பலருக்கு ஒன்றும் புரிவதில்லை என்று நினைக்கிறேன். கூடவே, நான் ‘தொழில்நுட்பம்’ என்று தள்ளிவைத்த அந்தக் கால் மணி நேரம் உட்பட 41 மணி நேரத்தையும் வெட்டாமல் மூன்று வன்தட்டுகளில் பிரதியெடுத்து, ஒன்றை என்னிடம் தந்திருக்கிறார். கூலி வாங்காமல் முதலிலிருந்து மறுபடி எழுத்தாக்கிக்கொண்டிருக்கிறேன். மெதுவாகத்தான் நடக்கிறது, இப்போது கொட்டாவி வருவதில்லை.

மன்னிப்புக் கேட்க ஒரு பிஸ்கட் டின்னோடு செந்தூலுக்குப் போனேன். பெரியவர் மன்னிப்பைப் பற்றி அக்கறை காட்டவில்லை. பிஸ்கட்டைப் பேத்தியிடம் கொடுத்தார். அளவைச் சரியாகப் பிடித்துவிட்டேன் என்று சொன்னபோதுதான் முகம் மலர்ந்தது. “எங்கே, சொல்லு பார்ப்போம்” என்றார். சொன்னேன். “காலே அரைக்கால்னு சேர்த்துச் சொல்லணும், இழுக்கக் கூடாது” என்று திருத்தினார். பிறகு என்ன நினைத்தாரோ, துடைப்பத்திலிருந்து இரண்டு ஈர்க்குச்சிகளை உருவி, மெல்லக் குனிந்து, சிமெண்டுத் தரையில் ஒன்றை வைத்தார். கோலும் இல்லை, கயிறும் இல்லை. ஒரு கண்ணைச் சுருக்கிப் பார்த்துவிட்டு, இரண்டாவதை எதிரே வைத்து, விரல் நுனியால் சற்றே தள்ளினார்.

என் கைப்பையில் தையற்காரரிடம் போகும்போது வைத்த அளவுநாடா இருந்தது. சோதிப்பதுபோல் ஆகிவிடுமே என்று தயங்கினேன். அவரே கையை நீட்டி அளக்கச் சொன்னார். உள்முகத்திலிருந்து உள்முகம். 100 சென்டிமீட்டரும் மேலே 6 மில்லிமீட்டரும் காட்டியது.

“ஆறு மில்லி கூட இருக்குங்க ஐயா” என்றேன்.

அவர் குச்சிகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். “வளைவுக்கு வெச்சேன்மா” என்றார்.